விழாது என்று தெரிந்தும் ஏன் பயம்?

கேள்வி: எனக்கு 36 வயது. இரண்டு வருடத்துக்கு முன்னால் அலுவலக லிஃப்டில் தனியாக மாட்டிக்கொண்டேன். மின்சாரம் போய் விளக்கும் அணைந்துவிட்டது. நாற்பது நிமிடம் கழித்துத்தான் கதவைத் திறந்தார்கள். அதிலிருந்து ஏழாவது மாடிக்குத் தினமும் படியேறித்தான் போகிறேன். லிஃப்ட் அறுந்து விழாது, உள்ளே காற்று வரும், எல்லாம் எனக்குத் தெரியும். ஆனாலும் கதவு மூடுகிற அந்தச் சத்தம் கேட்டால் போதும், நெஞ்சு படபடக்கிறது, விரல்கள் மரத்துப்போகின்றன, செத்துவிடுவேன் என்று தோன்றுகிறது. போன மாதம் துணிந்து ஏறினேன். இரண்டாவது மாடியிலேயே இறங்கிவிட்டேன். ஈ.சி.ஜி., தைராய்டு எல்லாம் பார்த்தாகிவிட்டது, ஒன்றும் இல்லை. "எல்லாம் மனப்பிரமை, தைரியமாக இரு" என்கிறார் கணவர். மூளையில் அமிக்டலா என்கிற இடத்தில்தான் பயம் இருக்கிறது என்று படித்தேன். அதை ஸ்கேன் எடுத்துப் பார்க்கலாமா? அதை அடக்க மருந்து உண்டா? இப்போது ஆறு வயது மகனும் லிஃப்டில் ஏற மாட்டேன் என்கிறான். அதனால்தான் எழுதுகிறேன்.

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு,

"எல்லாம் எனக்குத் தெரியும். ஆனாலும்" என்று எழுதியிருக்கிறீர்கள். பயத்தோடு என்னிடம் வருகிற பெரும்பாலானவர்கள் இதே இரண்டு சொற்றொடர்களை இதே வரிசையில்தான் சொல்கிறார்கள். சொல்லும்போது குரலில் ஒரு வெட்கம் இருக்கும். தெரிந்தும் பயப்படுகிறோமே, நம்மிடம்தான் ஏதோ கோளாறு என்கிற வெட்கம். முதலில் அந்த வெட்கத்தை இறக்கி வைத்துவிடலாம். தெரிந்துகொள்வது மூளையில் ஒரு வழியில் நடக்கிறது. பயப்படுவது பெரும்பாலும் வேறு வழியில் நடக்கிறது. ஒரு வழியில் போன செய்தி மற்றதற்குத் தானாகப் போய்ச் சேர்வதில்லை.

1854இல் நியூயார்க்கில் நடந்த ஒரு கண்காட்சியில் எலிஷா ஓட்டிஸ் என்பவர் உயரத்தில் தொங்கிய ஒரு மேடையில் நின்றுகொண்டு, அதைத் தாங்கியிருந்த கயிற்றை வெட்டச் சொன்னார். மேடை கொஞ்சம் இறங்கி அப்படியே நின்றுவிட்டது. கயிறு அறுந்தாலும் தண்டவாளத்தைக் கவ்விப் பிடிக்கிற அந்தத் தடுப்புதான் லிஃப்டை மனிதர்கள் நம்பி ஏறும்படி ஆக்கியது. இதை வாசித்ததும் உங்களுக்கு லிஃப்ட் மேல் கொஞ்சம் கூடுதல் நம்பிக்கை வந்திருக்கலாம். நாளைக் காலை கதவு மூடும்போது அது உதவாது. இன்னும் பத்துத் தகவல்கள் சேர்த்தாலும் உதவாது. ஏன் என்று சொல்கிறேன்.

அமிக்டலா என்று படித்தீர்களே, அது ஒன்றல்ல, இரண்டு. நெற்றிப் பொட்டுக்கு உள்பக்கமாக, மூளையின் ஆழத்தில், இடது பக்கம் ஒன்று, வலது பக்கம் ஒன்று. கிரேக்க மொழியில் வாதுமைக் கொட்டைக்கு வழங்கிய பெயர் அது. வடிவமும் அளவும் கிட்டத்தட்ட அப்படித்தான். காதில் விழும் சத்தம் முதலில் மூளையின் நடுவில் உள்ள தலாமஸ் என்ற பகுதிக்கு வருகிறது. அங்கிருந்து மூளையின் மேற்புறணிக்குப் போய், அங்கே அலசப்பட்டு, "இது லிஃப்ட் கதவு மூடும் சத்தம்" என்று அடையாளம் காணப்படுகிறது. இது சுற்றுவழி. இதைத் தவிரக் குறுக்குவழி ஒன்றும் உண்டு. ஜோசப் லெடூ என்ற நரம்பியல் ஆய்வாளர் 1980களில் எலிகளிடம் இதைக் கண்டார். ஒரு சத்தத்தைக் கேட்கச் செய்து உடனே லேசான மின்னதிர்ச்சி கொடுத்தால், அடுத்த முறை வெறும் சத்தத்துக்கே எலி உறைந்து நிற்கும். சத்தத்தை அலசுகிற மேற்புறணிப் பகுதியை நீக்கிய பிறகும் எலிகள் அந்தப் பயத்தைக் கற்றுக்கொண்டன. தலாமஸில் சத்தத்துக்கான பகுதியைச் சேதப்படுத்தினால்தான் கற்கவில்லை. அதாவது தலாமஸிலிருந்து அமிக்டலாவுக்கு நேராக ஒரு பாதை இருக்கிறது. அந்தப் பாதையில் போகும் செய்தி கரடுமுரடானது. அதில் விவரம் கிடையாது. "அன்றைக்குக் கேட்ட சத்தம் மாதிரி இருக்கிறது" என்ற அளவுதான். ஆனால் வேகம்.

எனவே கதவு மூடும்போது உங்களுக்கு நடப்பது இதுதான். "இது சாதாரண லிஃப்ட்தான்" என்று நீங்கள் உங்களுக்கே சொல்லிக்கொள்ளும் வாக்கியம் முடிவதற்குள், ஏன், தொடங்குவதற்குள்ளேயே, அமிக்டலாவிலிருந்து, உடலின் தானியங்கி வேலைகளை ஆளுகிற ஹைபோதலாமஸுக்கும் மூளைத் தண்டுக்கும் உத்தரவு போய்விடுகிறது. சிறுநீரகங்களின் தலைமேல் தொப்பி போல உட்கார்ந்திருக்கும் அட்ரினல் சுரப்பிகள் அட்ரினலினைக் கொட்டுகின்றன. இதயம் வேகமெடுக்கிறது. ஓடுவதற்கு வேண்டிய பெரிய தசைகளுக்கு ரத்தம் திருப்பிவிடப்படுகிறது. தோலுக்குப் போகும் ரத்தம் குறைவதால் உள்ளங்கை ஜில்லிடுகிறது, கூடவே வேர்க்கவும் செய்கிறது. வயிற்றின் வேலை மட்டுப்படுவதால் வயிற்றைப் பிசைகிறது. நடு மூளையில் இன்னொரு சிறு பகுதி, ஓட வழியில்லை என்று தோன்றும்போது உடலை அப்படியே உறைய வைக்கும். கால் நகரவில்லை என்று பலர் சொல்வது அதனால்தான். கார்டிசால் என்ற ஹார்மோன் சற்றுத் தாமதமாக ஏறி, இறங்கவும் நேரம் எடுத்துக்கொள்கிறது. லிஃப்டை விட்டு இறங்கி ஒரு மணி நேரம் ஆன பிறகும் அடித்துப்போட்ட மாதிரி இருக்கிறதா? அதில் இதற்கும் பங்கு உண்டு.

இவ்வளவும் ஒரு பொய் எச்சரிக்கைக்காகவா என்று கேட்கலாம். ஆமாம். மூளை இதைத் தெரிந்தேதான் செய்கிறது. புதரில் சலசலப்பு கேட்டதும் நூறு முறை வீணாக ஓடியவன் களைத்துப்போயிருப்பான், அவ்வளவுதான். ஒரே ஒரு முறை ஓடாமல் நின்றவன் நம் மூதாதை ஆகவில்லை. வீணான எச்சரிக்கை மலிவு, தவறவிட்ட எச்சரிக்கை உயிருக்கு விலை. அந்தக் கணக்கில் வளர்ந்த கருவிதான் உங்கள் தலைக்குள்ளும் என் தலைக்குள்ளும் இருப்பது. உங்களுடையது கெட்டுப்போகவில்லை. நாற்பது நிமிடம் இருட்டில் அடைபட்டுக் கிடந்த ஒருத்தியின் மூளை கற்க வேண்டியதைக் கற்றிருக்கிறது. மிக நன்றாகவே கற்றிருக்கிறது. அதுதான் தொல்லை.

விரல் மரத்துப்போவது பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் "செத்துவிடுவேன்" என்ற எண்ணம் அங்கேதான் பிறக்கிறது என்று நினைக்கிறேன். பயத்தில் நாம் அறியாமலே வேகவேகமாக மூச்சு வாங்குகிறோம். அப்போது உடலில் உள்ள கரியமில வாயு அளவுக்கு மேல் வெளியேறிவிடுகிறது. அது குறைந்தால் ரத்தத்தின் காரத்தன்மை ஏறி, நரம்புகள் எளிதில் சீண்டப்படும் நிலைக்கு வருகின்றன. விரல் நுனியிலும் உதட்டைச் சுற்றியும் ஊசி குத்துவது போல் இருக்கும், மரத்துப்போகும். மூளைக்குப் போகும் ரத்தக்குழாய்களும் சற்றுச் சுருங்குவதால் தலை கிறுகிறுக்கும். கூடவே மூச்சு போதவில்லை என்ற உணர்வும் வரும். காற்று கூடிப்போனதால் வந்த சங்கடம், காற்று போதாதது போலவே தோன்றும். உடனே இன்னும் ஆழமாக இழுப்போம். நிலைமை இன்னும் மோசமாகும். இதற்குள் உடலுக்குள் நடப்பதைக் கவனிக்கும் மூளைப் பகுதிகள் "நெஞ்சு அடிக்கிறது, விரல் மரக்கிறது, மூச்சு முட்டுகிறது" என்று செய்தி அனுப்புகின்றன. மேற்புறணி அதற்கு ஒரு விளக்கம் தேடுகிறது. கிடைக்கிற விளக்கம், "மாரடைப்பு". அந்த விளக்கமே ஒரு புதிய ஆபத்து. அமிக்டலா மறுபடி மணி அடிக்கிறது. இந்தச் சுழல்தான் பீதித் தாக்குதல். பொதுவாகப் பத்து நிமிடத்துக்குள் உச்சத்துக்குப் போய், அப்புறம் தானாக இறங்கும். மயங்கி விழுந்துவிடுவேனோ என்ற பயமும் இருந்தால் ஒன்று சொல்கிறேன்: மயக்கத்துக்கு ரத்த அழுத்தம் சட்டென்று இறங்க வேண்டும். பீதியில் அது பெரும்பாலும் ஏறத்தான் செய்கிறது. உங்கள் ஈ.சி.ஜி.யும் தைராய்டும் சரியாக இருப்பதால் இதை இவ்வளவு தைரியமாக எழுதுகிறேன். பரிசோதனை செய்யாதவர்கள் இதை வாசித்துவிட்டு நெஞ்சுவலியைப் பயம் என்று ஒதுக்கிவிடக் கூடாது.

சரி, "தெரியும்" என்பதும் பயமும் வேறு வேறு வழி என்றேனே. அதற்கு ஒரு பழைய சம்பவம் உண்டு. எட்வார்ட் கிளாபரேட் என்ற சுவிட்சர்லாந்து மருத்துவர் 1911இல் எழுதி வைத்தது. அவருடைய நோயாளி ஒரு பெண்மணி. புதிதாக எதுவும் நினைவில் நிற்காது. தினமும் பார்க்கிற மருத்துவரையே தினமும் புதிதாகப் பார்ப்பது போலத்தான் பார்ப்பார். ஒரு நாள் கிளாபரேட் தன் விரல்களுக்கிடையே ஒரு குண்டூசியை மறைத்துக்கொண்டு அவரோடு கைகுலுக்கினார். ஊசி குத்தியது. சற்று நேரத்தில் அந்தப் பெண்மணி வழக்கம்போல அதை மறந்துவிட்டார். ஆனால் மருத்துவர் மறுபடி கையை நீட்டியபோது அவர் கை சட்டென்று பின்னுக்குப் போனது. ஏன் என்று கேட்டால் சரியான காரணம் சொல்லத் தெரியவில்லை. குத்தியது நினைவில் இல்லை, கை மட்டும் மறக்கவில்லை. (இன்றைக்கு ஒரு மருத்துவர் இப்படிச் செய்தால் அது தவறு, அதையும் சொல்லிவிடுகிறேன்.) நடந்ததைக் கதையாக நினைவில் வைப்பது ஹிப்போகாம்பஸ் என்ற பகுதி. அதன் ஆபத்தை உடலில் பதித்து வைப்பதில் அமிக்டலாவுக்குப் பெரும் பங்கு. அவரிடம் கதை தொலைந்து பயம் மட்டும் மிஞ்சியது. உங்களிடம் கதை தெளிவாக இருக்கிறது, விளக்கமும் இருக்கிறது, ஆனாலும் பயம் தன் போக்கில் தனியாக இருக்கிறது.

அப்படியானால் பயம் அமிக்டலாவில்தான் குடியிருக்கிறதா? நானும் படித்த காலத்தில் அப்படித்தான் நம்பினேன். இன்றைக்கு அதை அவ்வளவு எளிதாகச் சொல்ல முடியாது. அமெரிக்காவில் எஸ்.எம். என்ற எழுத்துகளால் மட்டும் குறிப்பிடப்படும் ஒரு பெண்மணி இருக்கிறார். மிக அரிதான ஒரு மரபணு நோயால் அவருடைய இரண்டு அமிக்டலாக்களும் அழிந்துவிட்டன. 2011இல் அவரைப் பற்றி வெளிவந்த ஆய்வை நான் பலமுறை வாசித்திருக்கிறேன். பாம்பு என்றாலே பிடிக்காது என்று சொல்லிவந்தவரை, பாம்பும் சிலந்தியும் விற்கிற ஒரு கடைக்குக் கூட்டிப்போனார்கள். அவர் பாம்பைக் கையில் வாங்கித் தடவினார், அதன் நாக்கைத் தொட்டுப் பார்த்தார். பேய் வீடு போல ஜோடிக்கப்பட்ட இடத்தில் எல்லோருக்கும் முன்னால் நடந்தார். ஒரு முறை இரவில் ஒருவன் அவர் கழுத்தில் கத்தியை வைத்து மிரட்டியிருக்கிறான். அதற்குப் பிறகும் அதே வழியில் பயமில்லாமல் நடந்து போயிருக்கிறார். இதைத் தைரியம் என்று சொல்லத் தோன்றும். எனக்கோ அதை வாசிக்கும்போதெல்லாம் அவர் உயிரோடு இருப்பதே பெரிய விஷயம் என்று மனம் பதறும். பயம் இல்லாத அந்த வாழ்க்கையில் ஆபத்தான மனிதர்களும் ஆபத்தான இடங்களும் திரும்பத் திரும்ப வந்திருக்கின்றன. விலகிப் போகச் சொல்ல உள்ளே ஆளில்லை. அமிக்டலாவை அடக்க முடியுமா என்று கேட்கிற எல்லோருக்கும் நான் சொல்வது இவர் கதையைத்தான்.

ஆனால் கதை அங்கே முடியவில்லை. 2013இல் வெளியான இன்னொரு ஆய்வில், அவரையும் அதே நோய் உள்ள இரட்டைச் சகோதரிகளையும், கரியமில வாயு 35 சதவீதம் கலந்த காற்றை ஒரே ஒரு மூச்சு இழுக்கச் சொன்னார்கள். மூன்று பேருக்கும் கடும் பீதி வந்தது. பாம்பைத் தடவிய அதே எஸ்.எம். முகமூடியைக் கழற்றத் துடித்தார். அமிக்டலாவே இல்லாத மூளையில் பயம் எங்கிருந்து வந்தது? வெளியிலிருந்து வரும் ஆபத்தைக் கண்ணாலும் காதாலும் கண்டுபிடிக்க அமிக்டலா வேண்டியிருக்கிறது. மூச்சுமுட்டல் போல உடலுக்குள்ளிருந்து எழும் ஆபத்து வேறு வழியாகவும் மணியை அடிக்க முடியும். லெடூவும் பிற்காலத்தில் இதையொட்டி ஒரு வேறுபாட்டை வற்புறுத்தினார்: அமிக்டலா செய்வது ஆபத்தைக் கண்டறிந்து உடலைத் தயார் செய்வது. "எனக்குப் பயமாக இருக்கிறது" என்று நாம் உணர்கிற அந்த அனுபவத்தை மேற்புறணி பல செய்திகளைச் சேர்த்து உருவாக்குகிறது. எனக்கும் அதுவே சரி என்று படுகிறது. இன்னொன்று, அமிக்டலா பயத்துக்கு மட்டும் வேலை செய்வதில்லை. நமக்கு முக்கியமானது, விரும்பத்தக்கது, புதியது எது வந்தாலும் அது விழித்துக்கொள்கிறது.

இது உங்களுக்கு எதற்கு என்றால், உங்கள் பயத்துக்கு இரண்டு வாசல் இருக்கின்றன. ஒன்று கதவு மூடும் சத்தம். மற்றது உங்கள் மூச்சு. லிஃப்டில் ஏறும்போது உங்களை அறியாமல் மூச்சைப் பிடித்து வைக்கிறீர்களா, பிறகு பெரிதாக இழுக்கிறீர்களா என்று கவனியுங்கள். பலர் அப்படித்தான் செய்கிறார்கள். முதல் வாசலில் நடப்பதோடு இரண்டாவதும் திறந்துகொள்கிறது.

ஸ்கேன் வேண்டாம். எம்.ஆர்.ஐ. எடுத்தால் உங்கள் அமிக்டலா படத்தில் தெரியும், அது அழகாகவும் இருக்கும். ஆனால் லிஃப்டைப் பற்றி அது கற்றது என்ன என்பது அந்தப் படத்தில் தெரியாது. ஆய்வுகளில் காட்டும் வண்ணப் படங்கள் பலருடைய மூளைகளைச் சேர்த்துக் கணக்கிட்டவை. தனி ஒருவரின் பயத்தை அளக்க அவை உதவாது. அந்தப் பணத்தைச் சேமித்து வையுங்கள்.

மருந்தைப் பொறுத்தவரை, பீதித் தாக்குதல் எதிர்பாராத நேரத்திலெல்லாம் வந்தால், அல்லது மனச்சோர்வும் சேர்ந்திருந்தால், செரட்டோனின் என்ற மூளை வேதிப்பொருள் மேல் வேலை செய்யும் மாத்திரைகள் நன்றாக உதவும். பலன் தெரியச் சில வாரங்கள் ஆகும். லிஃப்ட் என்ற ஒரே இடத்தோடு நிற்கும் பயத்துக்கு நான் மாத்திரையை முதலில் எடுப்பதில்லை. உடனே அமைதி தரும் தூக்க மாத்திரை வகைகள் பற்றி எச்சரிக்க வேண்டியிருக்கிறது. பழக்கமாகிவிடும் என்பது ஒரு காரணம். அதைவிடப் பெரிய காரணம், அதைப் போட்டுக்கொண்டு லிஃப்டில் ஏறினால், "மாத்திரை இருந்ததால் பிழைத்தேன்" என்றுதான் மூளை கற்கும். யாரோ கொடுத்தார்கள் என்று வாங்கிப் போடாதீர்கள்.

இனி முக்கியமான விஷயத்துக்கு வருகிறேன்.

பதிந்த பயத்தை மூளை பொதுவாக அழிப்பதில்லை. கற்றது இப்படி அழியாமல் இருப்பதை நாய்களிடம் கண்டவர் ரஷ்யாவின் உடலியல் ஆய்வாளர் பாவ்லோவ். மணி அடித்து உணவு கொடுத்துப் பழக்கிய நாய்க்குப் பிறகு உணவே இல்லாமல் மணியை மட்டும் அடித்துக்கொண்டே இருந்தால், எச்சில் ஊறுவது நின்றுவிடும். மறந்துவிட்டது என்று தோன்றும். சில நேரம் கழித்து மறுபடி மணி அடித்தால் எச்சில் திரும்ப ஊறும். பழையது அழியவில்லை, மேலே புதிதாக ஒன்று எழுதப்பட்டிருந்தது. பயத்திலும் அப்படித்தான். "கதவு மூடினால் ஆபத்து" என்ற பழைய பாடம் அப்படியே இருக்க, "கதவு மூடியது, ஒன்றும் ஆகவில்லை" என்ற இரண்டாவது பாடம் பக்கத்தில் எழுதப்பட வேண்டும். நெற்றிக்குப் பின்னால் உள்ள முன்மூளையின் கீழ்ப்பகுதி அந்த இரண்டாவது பாடத்தைப் பிடித்துக்கொண்டு அமிக்டலாவை அமர்த்துகிறது. ஆனால் அந்தப் பாடம் எழுதப்படுவதற்கு ஒரு நிபந்தனை இருக்கிறது. பயம் எழுந்திருக்க வேண்டும். ஆபத்தை எதிர்பார்த்து மூளை காத்திருக்கும்போது, எதிர்பார்த்தது வராமல் போக வேண்டும். அந்த ஏமாற்றத்தில்தான் மூளை கற்கிறது. "தைரியம் வந்ததும் ஏறுவேன்" என்று இரண்டு வருடமாகக் காத்திருக்கிறீர்கள். படிக்கட்டில் நின்று காத்திருக்கும்வரை அந்தத் தைரியத்தை உண்டாக்குகிற பாடம் மூளைக்குக் கிடைக்கவே கிடைக்காது.

போன மாதம் இரண்டாவது மாடியில் இறங்கினீர்களே, அந்த அரை நிமிடத்தை மெதுவாகப் பார்ப்போம். கதவு மூடியது. பயம் ஏறியது. ஏறிக்கொண்டே இருக்கும்போது, அது உச்சத்துக்குப் பக்கத்தில் இருந்தபோது, கதவு திறந்தது, வெளியே வந்தீர்கள். அடுத்த நொடி உடம்பு முழுக்க ஒரு நிம்மதி பரவியிருக்கும். அந்த நிம்மதிதான் அன்றைக்கு உங்கள் மூளைக்குக் கிடைத்த பரிசு. மூளை எதற்குப் பரிசு வாங்கியது? தப்பித்ததற்கு. "வெளியே வந்ததால் பிழைத்தோம்" என்று எழுதிக்கொண்டது. நீங்கள் துணிந்து ஏறியது வீண் என்று சொல்லவில்லை. ஏறியது எனக்கு மிகவும் சந்தோஷம். இறங்கிய நேரம்தான் தப்பு. இன்னும் இரண்டு மாடி உள்ளேயே இருந்திருந்தால் பாடம் வேறாக இருந்திருக்கும்.

எனவே இப்படிச் செய்து பாருங்கள். முடிந்தால் இந்த முறையில் பயிற்சி பெற்ற ஒரு உளவியல் ஆலோசகருடன் செய்யுங்கள், பயத்தை நேருக்கு நேர் சந்திக்கிற நடத்தைச் சிகிச்சை என்றால் அவர்களுக்குப் புரியும். கூட்டம் இல்லாத நேரத்தில், லிஃப்டுக்கு முன் நின்று, ஏறுவதற்கு முன் ஒரு தாளில் எழுதுங்கள்: என்ன நடக்கும் என்று என் மனம் சொல்கிறது? "மூச்சு நின்றுவிடும்", "கத்திவிடுவேன்", எதுவானாலும் அப்படியே. முதல் சில நாட்கள் கதவு திறந்திருக்க, உள்ளே நின்றுவிட்டு வந்தாலும் போதும். அப்புறம் கதவை மூடி ஒரு மாடி. பிறகு மூன்று. பிறகு ஏழாவது மாடிக்கும் தரைக்குமாகத் திரும்பத் திரும்ப. வெளியே வந்ததும் அதே தாளில் நடந்தது என்ன என்று எழுதுங்கள். இரண்டு வரிகளுக்கும் நடுவில் உள்ள வித்தியாசம்தான் மருந்து.

உள்ளே இருக்கும்போது பயத்தை விரட்டப் பார்க்காதீர்கள். பாட்டுக் கேட்பது, கண்ணை இறுக மூடிக்கொள்வது, போனில் யாரையாவது பிடித்து வைத்துக்கொள்வது, கதவு திறக்கும் பொத்தானிலேயே விரலை வைத்திருப்பது எல்லாம் இயல்புதான். ஆனால் முதல் சில தடவைக்குப் பிறகு அவற்றை ஒவ்வொன்றாக விட வேண்டும். இல்லாவிட்டால் போனுக்குத்தான் பெயர் போகும். அதற்குப் பதில் நடப்பதை வாய்விட்டுச் சொல்லுங்கள்: "எனக்கு இப்போது பயமாக இருக்கிறது. நெஞ்சு அடிக்கிறது. விரல் மரக்கிறது." உணர்ச்சிக்குப் பெயர் வைத்ததும் அமிக்டலாவின் பரபரப்பு குறைவதை மேத்யூ லீபர்மனும் அவருடைய குழுவினரும் 2007இல் மூளைப் படங்களில் காட்டியிருக்கிறார்கள். மூச்சை இழுப்பதில் கவனம் வேண்டாம், விடுவதில் வையுங்கள். மெதுவாக, நீளமாக விட்டால் போதும், இழுப்பது தன்னைத்தானே பார்த்துக்கொள்ளும்.

ஒரே லிஃப்டோடு நிறுத்திவிடாதீர்கள் என்று தனியாகக் கேட்டுக்கொள்கிறேன். பழைய பயம் எந்த இடத்துக்கும் தாவும், புதிய பாடமோ கற்ற இடத்திலேயே ஒட்டிக்கொள்ளும். அலுவலக லிஃப்டில் ஜெயித்தவர் மருத்துவமனை லிஃப்டில் மறுபடி நடுங்குவது சாதாரணம். அது தோல்வி இல்லை, அந்த இடத்தில் இன்னும் எழுதவில்லை, அவ்வளவுதான். காலையில், மாலையில், தனியாக, கூட்டத்தோடு, பெரியது, சிறியது என்று மாற்றி மாற்றி ஏறுங்கள். தூக்கம் கெட்ட மறுநாள் பயம் அதிகமாக இருக்கும். தூங்காத மூளையில் முன்மூளையின் பிடி தளர்ந்து அமிக்டலா கூடுதலாகத் துள்ளுவது ஆய்வுகளில் தெரிந்த விஷயம். அன்றைய அனுபவத்தை வைத்து மொத்தத்தையும் எடை போடாதீர்கள்.

அந்த நாற்பது நிமிடம் கனவில் திரும்பத் திரும்ப வந்தாலோ, பகலில் கண்முன் ஓடினாலோ, அடைத்த அறை, நெரிசல் என்று பயம் பரவிக்கொண்டே போனாலோ, நீங்களாகப் பயிற்சி செய்ய வேண்டாம். ஒரு மனநல மருத்துவரை நேரில் பாருங்கள். அது வேறு வகை, அதற்கும் நல்ல சிகிச்சை இருக்கிறது.

உங்கள் கணவர் இதை வாசிப்பார் என்று நம்புகிறேன். ஐயா, பிரமை என்பது இல்லாததை இருப்பதாகக் காண்பது. உங்கள் மனைவியின் இதயத்துடிப்பும் அட்ரினலினும் நிஜம், அளந்து பார்க்கலாம். அன்றைக்கு அந்த இருட்டில் நீங்கள் இருந்திருந்தாலும் உங்கள் மூளைக்கும் இது நடந்திருக்கலாம். அவர் பயிற்சி செய்யும் நாட்களில் லிஃப்டுக்கு வெளியே நில்லுங்கள். சமாதானம் சொல்ல வேண்டாம், அவசரப்படுத்தவும் வேண்டாம். வெளியே வந்ததும் "என்ன நினைத்தாய், என்ன நடந்தது" என்று மட்டும் கேளுங்கள்.

கடைசியாக மகன். அவன் எந்த லிஃப்டிலும் மாட்டிக்கொள்ளவில்லை. ஆனாலும் பயம் வந்துவிட்டது. 1980களில் சூசன் மினெகா என்ற உளவியலாளர், ஆய்வகத்தில் பிறந்து வளர்ந்த, பாம்பைக் கண்டு பயப்படாத ரீசஸ் குரங்குகளுக்கு, காட்டில் வளர்ந்த குரங்குகள் பாம்பைப் பார்த்து அலறுவதைக் காட்டினார். கொஞ்ச நேரம் பார்த்ததிலேயே இவையும் பாம்புக்குப் பயந்தன, அந்தப் பயம் மாதக்கணக்கில் நீடித்தது. ஆனால் அதே ஆய்வுகளின் இன்னொரு முடிவுதான் உங்களுக்கு வேண்டியது. பாம்பைக் கண்டு கலங்காத ஒரு குரங்கை முதலில் பார்த்துவிட்ட குரங்குகளுக்கு, பிறகு அலறும் குரங்கைக் காட்டியபோது, பெரும்பாலும் பயம் ஒட்டவில்லை.

உங்கள் மகன் உங்களைப் பார்த்துவிட்டான், அதற்காக உங்களை நொந்துகொள்ளாதீர்கள். பயத்தை அவனிடம் மறைக்கவும் வேண்டாம், குழந்தைகள் முகத்தைப் படித்துவிடுவார்கள். "அம்மாவுக்கு லிஃப்டில் ஒரு முறை மாட்டிக்கொண்டதால் பயம் வந்துவிட்டது, இப்போது பழகிக்கொண்டிருக்கிறேன்" என்று ஒரே வரியில் சொல்லுங்கள். இந்த வாரமே அவன் அப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டு ஒரு மாடி மட்டும் ஏறட்டும், பொத்தானை அவனே அழுத்தட்டும். நீங்கள் படியேறி முன்னால் போய், மேலே கதவு திறக்கிற இடத்தில் நில்லுங்கள். நீங்கள் ஏழு மாடிக்குத் தயாராகும் நாளில் அவனைக் கீழே நிறுத்தாதீர்கள், பக்கத்தில் நிறுத்திக்கொள்ளுங்கள்.